என் படத்தில் நான் பார்க்காத நாற்பது நிமிடம்

2011இல் வனுவாட்டு நாட்டின் ஆம்பிரிம் தீவில் ஒரு ஆவணப்படம் எடுத்தேன். இயக்குநர் நான்தான். பணம் புரட்டியதும் நான்தான். ஆனால் அந்தப் படத்துக்காகப் பதிவான காட்சிகளில் நாற்பது நிமிடத்தை நான் இன்றுவரை பார்த்ததில்லை. அதைச் சொல்வதற்கு முன்னால், அங்கே எப்படிப் போய்ச் சேர்ந்தேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன்.

நான் கும்பகோணத்துக்காரி. சென்னையில் ஒலிப்பதிவு படித்தேன், கல்யாணமாகி சிட்னிக்குப் போனேன். அங்கே ஒரு சின்னத் தயாரிப்பு நிறுவனத்தில் வேலை கிடைத்தது. 2003இல் பப்புவா நியூ கினியின் மலைநாட்டுக்கு ஒரு குழுவோடு அனுப்பினார்கள். மைக் கோலைத் தூக்கிப் பிடிப்பது என் வேலை. அன்றிலிருந்து இருபது வருஷமாகப் பப்புவா நியூ கினி, சாலமன் தீவுகள், வனுவாட்டு என்று மெலனீசியாவிலேயே என் தொழில் ஓடிக்கொண்டிருக்கிறது. மெலனீசியா என்றால் கறுப்புத் தீவுகள். 1832இல் ஒரு பிரெஞ்சு மாலுமி, மக்களின் தோலைப் பார்த்து வைத்த பெயர். கரையில் கால் வைத்ததுமே வெளியாள் ஒட்டிவிட்டுப் போன சீட்டு அது. காமிராவோடு போகிறவர்களும் பெரும்பாலும் அதையேதான் செய்கிறார்கள். நானும் செய்திருக்கிறேன்.

ஆவணப்படம் எடுக்க ஆசைப்படும் பிள்ளைகள் எந்த லென்ஸ் வாங்கலாம், டிரோன் வேண்டுமா என்றுதான் என்னிடம் கேட்கிறார்கள். நான் அடிபட்டுக் கற்றது வேறு. அதைத்தான் எழுதுகிறேன்.

முதல் அடி கொரோக்காவுக்குப் பக்கத்தில் விழுந்தது. கொரோக்கா மலைநாட்டின் கிழக்கில் இருக்கும் காபி ஊர். 1957இல் ஆஸ்திரேலிய அதிகாரிகள் தொடங்கிவைத்த திருவிழா இன்றும் செப்டம்பரில், நாட்டின் சுதந்திர தினமான 16ஆம் தேதியை ஒட்டி அங்கே நடக்கிறது. இறகும் சாயமும் அணிந்து கூட்டமாக ஆடும் ஆட்டத்துக்கு சிங்சிங் என்று பெயர். திருவிழாவில் எடுத்தது போதாது, ஒரு ஊருக்குள்ளேயே போய் எடுக்கலாம் என்று எங்கள் தயாரிப்பாளர் முடிவு செய்தார். ஊர் எல்லையில் முதலில் வந்து கைகொடுத்து, நல்ல ஆங்கிலத்தில் பேசியவரிடம் மொத்தப் பணத்தையும் ஒரு உறையில் போட்டுக் கொடுத்துவிட்டார்.

மதியம் வரை ஆட்டம் அமோகமாக நடந்தது. சாயங்காலம் சண்டை வெடித்தது. ஆடியவர்கள் மூன்று குலத்தார், பணம் போய்ச் சேர்ந்ததோ ஒரு குலத்துக்கு. கத்தி கையில் இருந்தது, நல்லவேளை யார் மேலும் இறங்கவில்லை. இரண்டு நாள் படப்பிடிப்பு நின்றது. கடைசியில் ஒரு பன்றி வாங்கிக் கொடுத்து, மற்ற இரண்டு குலத்துக்கும் தனியாகப் பணம் கொடுத்துச் சமாதானம் ஆனது. நாங்கள் வண்டி ஏறிப் போய்விட்டோம். அந்த ஊர்க்காரர்கள் ஒருவரோடு ஒருவர் பேசாமல் எத்தனை மாதம் இருந்தார்களோ.

எனக்கு உடனே நினைவுக்கு வந்தது மொய்தான். நம் ஊர்க் கல்யாணத்தில் மொய்ப்பணத்தை யாராவது இருட்டில் ஒருவர் கையில் திணித்துவிட்டுப் போவார்களா? பெயர் சொல்லி, தொகை சொல்லி, நோட்டில் எழுதிக் கொடுப்பார்கள். அங்கேயும் அப்படித்தான். அதற்குப் பிறகு நான் பொறுப்பேற்ற எந்தப் படத்திலும் பணம் ஊர் நடுவில், எல்லோர் முன்னாலும், எண்ணி, உரக்கச் சொல்லித்தான் கொடுக்கப்பட்டது. யாருக்கு எவ்வளவு என்பதையும் நான் முடிவு செய்வதில்லை. முந்தின நாளே அவர்களைக் கூடிப் பேசச் சொல்லிவிடுவேன். ஒரு இரவு முழுக்கப் பேசுவார்கள். பேசட்டும்.

அதே பயணத்தில் இன்னொன்று நடந்தது. ஆட வந்த ஒரு இளைஞரிடம் எங்கள் இயக்குநர் கைக்கடிகாரத்தைக் கழற்றச் சொன்னார். பின்னால் தெரிந்த தண்ணீர்த் தொட்டியை இலை போட்டு மூடச் சொன்னார். பக்கத்து வீட்டு ரேடியோவை நிறுத்தச் சொல்லி என்னையே அனுப்பினார். கடிகாரம் கட்டியிருந்தவர் பள்ளிக்கூட ஆசிரியர். படம் வெளிவந்தபோது, ஆயிரம் வருஷமாக மாறாத வாழ்க்கை என்று பின்னணியில் ஒரு குரல் சொன்னது. அந்தக் குரலுக்கு அடியில் இருந்த ஒலி நான் பதிவு செய்தது. அன்றைக்கு நான் ஒரு வார்த்தை எதிர்த்துச் சொல்லவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

பப்புவா நியூ கினியில் 800க்கும் மேற்பட்ட மொழிகள் இருக்கின்றன. வனுவாட்டுவில் 3 லட்சம் பேருக்கு நூற்றுக்கும் மேற்பட்ட மொழிகள். எல்லோருக்கும் பொதுவாக அங்கே டோக் பிசின், இங்கே பிஸ்லாமா. இரண்டும் ஆங்கிலச் சொற்களை எடுத்துக்கொண்டு தீவுக்காரர்களின் இலக்கணத்தில் வளர்ந்த மொழிகள். படம் எடுக்கப் போகிறவர் இதில் ஒன்றையாவது கற்றுக்கொண்டுதான் போக வேண்டும். மூன்று மாதம் உட்கார்ந்தால் வந்துவிடும்.

தமிழ் தெரிந்தவருக்கு இன்னும் சுலபம். நாம், நாங்கள் என்று நமக்கு இரண்டு உண்டல்லவா? ஆங்கிலத்திலும் இந்தியிலும் அது ஒன்றுதான். பிஸ்லாமாவில் யூமி என்றால் நாம், மிஃபாலா என்றால் நாங்கள். வனுவாட்டுவின் தேசிய கீதத்தின் பெயரே ‘யூமி, யூமி, யூமி’. உறவுமுறையும் அப்படித்தான். அப்பாவின் தம்பி ஸ்மோல் பாப்பா, அதாவது சின்ன அப்பா, நம் சித்தப்பா. அம்மாவின் தங்கை ஸ்மோல் மாமா. இந்த மாமா அம்மாவைக் குறிக்கும் மாமா. ஆங்கிலேயர் ஒருவருக்கு நான் அரை மணி நேரம் விளக்க வேண்டியிருந்ததை என் அம்மாவுக்குத் தொலைபேசியில் ஒரு வரியில் சொன்னேன், “அதானே சரி” என்றார்.

இது சும்மா பெருமைக்குச் சொல்வதில்லை. ஒரு படத்தில் இரண்டு பேர் வாக்குவாதம் செய்யும் காட்சி. ஒரு மணல் கோலம் யாருடையது என்று வழக்கு. ஒருவர் யூமி என்கிறார், நம்முடையது. மற்றவர் மிஃபாலா என்கிறார், எங்களுடையது, உனக்கு அதில் பங்கில்லை. சிட்னியில் போட்ட ஆங்கில வசனத்தில் இரண்டும் ஒரே சொல்லாகி, சண்டையே காணாமல் போய்விட்டது. பார்த்தவர்களுக்கு அவர்கள் ஏன் கத்துகிறார்கள் என்றே புரியவில்லை. அன்றிலிருந்து வசன மொழிபெயர்ப்பை ஸ்டூடியோவுக்கு விடுவதில்லை. ஊரிலேயே, பேசியவர் பக்கத்தில் உட்கார்ந்து, ஒவ்வொரு வரியாகக் கேட்டு எழுதுகிறேன். நேரம் பிடிக்கும். பட்ஜெட்டில் அதற்குத் தனியாக இரண்டு வாரம் போட்டுவிடுங்கள்.

பெயர் விஷயத்திலும் கவனம் வேண்டும். டோக் பிசினில் தம்பு என்ற சொல்லுக்குத் தடை என்றும் பொருள், கல்யாண வழி உறவினர் என்றும் பொருள். மாமியார், மைத்துனர் பெயரைப் பல இடங்களில் வாயால் சொல்ல மாட்டார்கள். காமிராவை ஓட விட்டு, பக்கத்தில் நிற்பவர் பெயரைச் சொல்லுங்கள் என்று ஒருவரை நான் வற்புறுத்தி, அவர் எழுந்தே போய்விட்டார். கணவர் பெயரைச் சொல்லாத பாட்டியிடம் வளர்ந்தவள் நான். எனக்கு அது முதலிலேயே தோன்றியிருக்க வேண்டும்.

சரி, ஆம்பிரிமுக்கு வருகிறேன்.

வனுவாட்டுவில் மணலில் வரையும் கலை ஒன்று உண்டு. சாண்ட்ரோயிங் என்பார்கள். 2003இல் யுனெஸ்கோ அதை மனிதகுலத்தின் மரபுச் செல்வங்களில் ஒன்றாக அறிவித்தது. ஜான் லேயர்ட் என்ற ஆங்கிலேய ஆய்வாளர் முதல் உலகப்போர் தொடங்கிய நேரத்தில் வனுவாட்டுவின் மாலக்குலா தீவின் கரையோரச் சிறு தீவுகளில் தங்கியிருந்தவர். பிற்பாடு 1937இல் அவர் ஒரு கட்டுரை எழுதினார், தென்னிந்திய வீட்டு வாசல் கோலங்களைப் பற்றி. மாலக்குலா மணல் கோடுகளையும் நம் சிக்குக் கோலத்தையும் அவர் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்திருக்கிறார். சிட்னி நூலகத்தில் அதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. அங்கே போக வேண்டும் என்று அப்போதுதான் தீர்மானித்தேன்.

நினைத்ததும் போய்விட முடியாது. வெளிநாட்டு ஆய்வாளர்கள் வந்து எழுதிக்கொண்டு போனது போதும் என்று 1985 முதல் 1994 வரை வனுவாட்டு அவர்களுக்குக் கதவையே சாத்தி வைத்திருந்த நாடு. இன்றும் தலைநகர் போர்ட் விலாவில் இருக்கும் பண்பாட்டு மையத்திடம், வனுவாட்டு கல்ச்சுரல் சென்டரிடம், விண்ணப்பித்து, கட்டணம் கட்டி, ஒப்பந்தம் போட்டுத்தான் படம் எடுக்க வேண்டும். எடுத்ததன் பிரதி ஒன்று அவர்களுடைய ஆவணக் காப்பகத்துக்குப் போய்ச் சேர வேண்டும். தீவுதோறும் அந்த மையத்துக்குக் களப்பணியாளர்கள் இருக்கிறார்கள். ஃபில்வோக்கா என்பார்கள். சம்பளத்துக்கு வேலை செய்கிறவர்கள் இல்லை. ஊர்க்காரர்களே தங்கள் மொழியையும் வழக்கத்தையும் பதிவு செய்கிறார்கள். 1990களில் பெண் களப்பணியாளர்களும் வந்தார்கள். சிலர் இந்த நடைமுறையைத் தொல்லை என்பார்கள். எனக்குக் கிடைத்த பெரிய உதவியே அதுதான். யாரிடம் கேட்க வேண்டும், யாரிடம் கேட்டால் பிரச்சினை என்று அந்தக் களப்பணியாளர் ஒரு மாலையில் சொல்லிக்கொடுத்ததை நானாகக் கற்றிருந்தால் பத்து வருஷம் ஆகியிருக்கும்.

2009இல் முதல்முறை போனபோது காமிராவைப் பெட்டியிலிருந்து எடுக்கவே இல்லை. பத்து நாளும் தோட்டத்துக்குப் போனேன், தேங்காய் துருவினேன். ஒன்பதாம் நாள் ஒரு மூத்தவர், ஊரே பூபூ என்று கூப்பிடும் தாத்தா, என்னைத் தன் வீட்டு முற்றத்துக்கு அழைத்தார். ஆம்பிரிமில் அப்போது இரண்டு எரிமலை வாய்கள் புகைந்துகொண்டே இருந்தன, அந்தச் சாம்பலால் மண் கறுப்பு. பூபூ உள்ளங்கையால் கறுப்பு மண்ணை நீவிச் சமன் செய்தார். முதலில் சில குறுக்குக் கோடு, சில நெடுக்குக் கோடு, ஒரு வலை போல. பிறகு சுட்டுவிரலை ஊன்றினார். விரல் வலையின் கட்டங்களைச் சுற்றிச் சுற்றிப் போனது, எங்கேயும் தூக்கவில்லை, போன வழியில் திரும்பவும் போகவில்லை. வாய் மெதுவாகக் கதை சொல்லிக்கொண்டே இருந்தது. புறப்பட்ட இடத்துக்கே விரல் வந்து நின்றபோது மண்ணில் ஒரு ஆமை இருந்தது. நான் வாய் திறப்பதற்குள் கையால் கலைத்துவிட்டார்.

“உங்கள் ஊரில் உண்டா?” என்றார். நான் பக்கத்தில் குந்தி, ஏழு புள்ளி நாலு வரை ஊடுபுள்ளி வைத்து, அம்மா மார்கழியில் போடும் சிக்குக் கோலத்தைப் போட்டேன். கை தடுமாறியது, மாவில் போட்ட பழக்கம், மண்ணில் விரல் இழுக்கவில்லை. அவர் தலையைச் சாய்த்துக் கோட்டைத் தொடர்ந்து பார்த்துக்கொண்டே வந்தார். முடிந்ததும் கேட்டார்: “இது யாருடையது?”

எனக்குக் கேள்வி புரியவில்லை. அம்மாவிடம் கற்றேன் என்றேன்.

“அம்மா யாருக்குப் பணம் கொடுத்தாள்?”

யாருக்கும் கொடுக்கவில்லை பூபூ, பக்கத்து வீட்டு அத்தை போட்டதைப் பார்த்துப் போட்டார், எங்கள் ஊரில் யார் வேண்டுமானாலும் போடலாம் என்றேன். அவர் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, “அந்த அத்தையின் பெயரையாவது சொல்லிவிட்டுப் போடு” என்றார். அவர் முகத்தில் வருத்தம் இருந்தது. அங்கே சில கோலங்களை எல்லோரும் போடலாம். சிலவற்றுக்குப் பன்றியோ பாயோ கொடுத்து உரிமை வாங்க வேண்டும். சில, இறந்தவரின் பயணத்தைப் பற்றியவை, கண்டவருக்குக் காட்டக்கூடாதவை. 1920களில் மாலக்குலாவில் பெர்னார்ட் டீக்கன் என்ற இளம் ஆய்வாளர் எழுதி வைத்த கதை ஒன்று உண்டு. செத்தவர் ஆவியுலகத்துக்குப் போகும் வழியில் ஒரு பெண் ஆவி மணலில் கோலம் போட்டு, வருபவரைக் கண்டதும் பாதியை அழித்துவிடுவாளாம். மீதியைச் சரியாக முடிப்பவருக்கே வழி. தெரியாதவரை அவள் தின்றுவிடுவாள்.

பூபூவின் அந்தக் கேள்விதான் எனக்கு வேலை கற்றுக்கொடுத்தது. இது யாருடையது? ஒரு பாட்டு, ஒரு கோலம், ஒரு முகமூடி, ஒரு கதை, எதைப் பதிவு செய்தாலும் முதலில் கேட்பது இதைத்தான். கேட்டால் பதில் வரும். கேட்கப்படுவதற்காகவே காத்திருந்தது போல, நாலு தலைமுறைப் பெயரோடு வரும்.

2011இல் முழுக் குழுவோடு போனோம். வடக்கு ஆம்பிரிமில் ரோம் என்ற ஆட்டம் பெரியது. கூம்பாக நிமிர்ந்த முகமூடி, உடம்பு முழுக்கக் காய்ந்த வாழைச்சருகு. உள்ளே இருப்பவர் யார் என்று தெரியக்கூடாது. முகமூடி செய்யும் உரிமையை விலை கொடுத்துத்தான் பெற வேண்டும். செய்கிற இடத்துக்குப் பெண்கள் போகக்கூடாது. உரிமை வாங்காத ஆண்களும் போகக்கூடாது. ஆடி முடிந்ததும் அழித்துவிடுவார்கள். பொது ஆட்டத்தை நாங்கள் தாராளமாக எடுத்தோம். முந்தின வாரம் பூபூவும் மற்ற மூத்தவர்களும் என்னைக் கூப்பிட்டு, உன் காமிராமேன் ஒரு பன்றி கொடுத்து உள்ளே வரலாம், செய்வதை எடுக்கலாம், பிள்ளைகள் எல்லாம் விலாவுக்கு வேலைக்குப் போகிறார்கள், நாளைக்குக் கற்றுக்கொள்ள வருகிறவனுக்கு உதவும் என்றார்கள். ஒரு நிபந்தனை: பெண் யாரும் பார்க்கக்கூடாது, உரிமை இல்லாத ஆண் யாரும் பார்க்கக்கூடாது. நான் ஊர் முன்னால் நின்று சரி என்றேன். பன்றியும் வாங்கிக் கொடுத்தேன்.

காமிராமேன் மூன்று நாள் உள்ளே போய் வந்தார். மெமரி கார்டைத் துணியில் சுற்றிச் சிவப்பு டேப் ஒட்டித் தன் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டார். நாற்பது நிமிடம் என்பது மட்டும் எனக்குத் தெரியும்.

சிட்னி திரும்பியதும் தொலைக்காட்சி அலுவலகத்தில் ஒருவர் அந்தக் கார்டைப் பற்றிக் கேள்விப்பட்டார். உலகத்தில் யாரும் காட்டாத காட்சி, அதை வைத்துத்தான் விளம்பரமே என்றார். முடியாது என்றேன். முகத்தை மறைத்துப் போடலாம் என்றார், முடியாது. பத்தே நொடி என்றார். எங்கள் படத்தொகுப்பாளரும் பெண். அவரும், நான் கார்டைத் தொட மாட்டேன் என்று சொல்லிவிட்டார். ஒப்பந்தத்தில், எடுத்த எல்லாக் காட்சியும் அவர்களுக்குச் சொந்தம் என்று ஒரு வரி இருந்தது. நான் படிக்காமல் கையெழுத்துப் போட்ட வரி. கடைசித் தவணைப் பணத்தை நிறுத்திவிட்டார்கள். என் கணவர் வங்கியில் கடன் வாங்கிக் குழுவுக்குச் சம்பளம் கொடுத்தார். அடைக்க மூன்று வருஷம் ஆனது.

எனவே இளையவர்களுக்கு நான் முதலில் சொல்வது ஒப்பந்தத்தைப் பற்றித்தான். ஊரோடு போடும் ஒப்பந்தத்தை முதலில் போடுங்கள், அதன் நகலைச் சேனல் ஒப்பந்தத்தோடு இணைத்து, முரண்பட்டால் ஊர் ஒப்பந்தமே செல்லும் என்று எழுதி வாங்குங்கள். எழுதித் தராத சேனலோடு போகாதீர்கள். அப்புறம், மூன்று பக்க ஆங்கிலப் படிவத்தில் தாத்தா பாட்டிகளிடம் கைநாட்டு வாங்குவது சம்மதமே இல்லை. அவர்கள் மொழியில், ஊர் கேட்க, எதற்காக எடுக்கிறோம், யார் பார்ப்பார்கள், எவ்வளவு பணம் என்று சொல்லி, அவர் பதிலையும் காமிராவிலேயே பதிவு செய்யுங்கள். படத்தொகுப்பு முடிந்ததும் காட்டி மறுபடி கேளுங்கள். வேண்டாம் என்றால் எடுத்துவிடுங்கள். எனக்கு இருபது வருஷத்தில் நாலு முறை வேண்டாம் என்றார்கள். அந்த நாலும் நல்ல காட்சிகள், வலித்தது.

2012இல் படத்தை எடுத்துக்கொண்டு ஊருக்குப் போனேன். இரண்டு தென்னைக்கு நடுவில் வெள்ளைத் துணி, வாடகை ஜெனரேட்டர், ஒரு புரொஜெக்டர். பக்கத்து ஊர்களிலிருந்தும் நடந்து வந்திருந்தார்கள். நான் மிகவும் உருக்கமாக நினைத்து வெட்டியிருந்த ஒரு காட்சியில் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பின்னால் போன பன்றி யாருடையது என்று அடையாளம் கண்டுகொண்டார்கள். எடுத்த பிறகு இறந்துபோன ஒரு அம்மா திரையில் வந்ததும் பெண்கள் எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய் அழுதார்கள். நான் பயந்துபோய் நிறுத்தப் பார்த்தேன். அவள் மகள் என் கையைப் பிடித்து, ஓட்டு, இன்னொரு முறை ஓட்டு என்றாள்.

முடிந்ததும் பூபூ எழுந்தார். “நன்றாக இருக்கிறது. ஆனால் பெயர்கள் எங்கே?” என்றார்.

சடங்கின் முடிவில் கிழங்கு கொடுத்தவர், பாய் கொடுத்தவர், பன்றி கொடுத்தவர் என்று ஒவ்வொரு பெயராகச் சொல்லி, கொடுத்ததைக் காட்டும் பகுதி ஒன்று உண்டு. ஐம்பது நிமிடம் போகும். தொலைக்காட்சிக்கு 52 நிமிடப் படம், அதில் அந்தப் பகுதியை எட்டு விநாடியாகச் சுருக்கியிருந்தேன். கொரோக்காவில் மொய்யைப் பார்த்தவள், ஆம்பிரிமில் மொய் நோட்டைக் கிழித்துப் போட்டுவிட்டேன். மற்றவர்களும் எழுந்து, என் கிழங்கு எங்கே, என் அண்ணன் பாய் எங்கே என்று கேட்டார்கள். கோபமாக இல்லை, ஏதோ தொலைந்துவிட்டது போல.

ஊருக்கென்று தனியாக ஒரு படம் தொகுத்தேன். 3 மணி 10 நிமிடம். ஒரு பெயரும் விடவில்லை. அடுத்த வருஷம் டிவிடியில் கொண்டுபோய்க் கொடுத்தேன். இப்போது மெமரி கார்டில் கொடுக்கிறேன், போனிலிருந்து போனுக்குப் போய்விடுகிறது. அதன் பிறகு எந்தப் படம் எடுத்தாலும் ஊருக்கான தொகுப்பை முதலில் முடிக்கிறேன், அதிலிருந்துதான் தொலைக்காட்சிக்கானதை வெட்டுகிறேன். வேலை இரட்டிப்பு என்று தோன்றும். செய்து பாருங்கள், எது முக்கியம் என்று ஊர்த் தொகுப்புதான் காட்டிக்கொடுக்கும்.

எடுத்ததைத் திருப்பிக் கொண்டுபோய்க் காட்டினால் என்ன ஆகும் என்பதற்கு என்னைவிடப் பெரிய உதாரணம் உண்டு. 1930களில் தங்கம் தேடி நியூ கினி மலைநாட்டுக்குள் நுழைந்த மிக் லேஹி என்ற ஆஸ்திரேலியர் கையில் ஒரு மூவி காமிரா வைத்திருந்தார். அந்தச் சுருளை ஐம்பது வருஷம் கழித்து பாப் கானலி, ராபின் ஆண்டர்சன் தம்பதி அதே மலைநாட்டு முதியவர்களிடம் கொண்டுபோய், 1983இல் ‘ஃபர்ஸ்ட் கான்டாக்ட்’ என்ற படத்தை எடுத்தார்கள். வெள்ளைக்காரர்களைச் செத்துப்போன முன்னோர்கள் என்று நினைத்தோம் என்று அவர்கள் வாயாலேயே சொல்கிறார்கள். அரை நூற்றாண்டாக ஒருவர் மட்டும் சொல்லிக்கொண்டிருந்த கதைக்கு மறுபக்கம் அன்றுதான் கிடைத்தது.

நான் ஒலிப்பதிவிலிருந்து வந்தவள், அதனால் ஒலியைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். 1970 வாக்கில் சாலமன் தீவுகளின் மலைட்டாவில் அஃபுனாக்வா என்ற பெண் ஒரு தாலாட்டுப் பாடினார். ஹ்யூகோ ஸெம்ப் என்ற இசை ஆய்வாளர் பதிவு செய்தார். பெற்றோர் இறந்துவிட, அழும் தம்பியைத் தேற்றும் பாட்டு. 1973இல் யுனெஸ்கோ வரிசையில் இசைத்தட்டாக வந்தது. 1992இல் ஒரு பிரெஞ்சு இசைக்குழு ஸெம்பின் சம்மதம் இல்லாமல் அந்தக் குரலை எடுத்து ஆட்டப் பாட்டாக்கி உலகம் முழுக்க விற்றது. சில வருஷம் கழித்து வேறொருவர் அதே மெட்டை ஆப்பிரிக்கப் பிக்மிகளின் தாலாட்டு என்று பெயரிட்டு வாசித்தார். கேட்டு ஆடியவர்களில் எத்தனை பேருக்கு அது ஒரு அநாதைப் பெண்பிள்ளையின் பாட்டு என்று தெரிந்திருக்கும்? என் ஒலிக் கோப்புகளின் தொடக்கத்தில் பாடியவர் பெயர், ஊர், பாட்டின் உரிமையாளர், எதற்கு அனுமதி, எதற்கு இல்லை என்று அவர்கள் குரலிலேயே பதிவு செய்துவிடுகிறேன். தனிக் காகிதத்தில் எழுதினால் காகிதம் தொலையும்.

மற்றவை சின்ன விஷயங்கள், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். தீவு விமானங்கள் மிகச் சிறியவை, உங்களையும் பெட்டியையும் சேர்த்து எடை போடுவார்கள். மழை வந்தால் விமானம் வராது, இரண்டு பக்கமும் நாலு நாள் கூடுதலாக வையுங்கள். ஈரத்தில் லென்ஸுக்குள் பூஞ்சை படரும். சிலிக்கா ஜெல்லோடு காற்றுப் புகாத டப்பாவில் வையுங்கள். மலேரியா மாத்திரையை ஊர் திரும்பிய பிறகும் டாக்டர் சொன்ன நாள் வரை விடாதீர்கள். நான் விட்டேன், வைவாக்ஸ் வகை மலேரியா கல்லீரலில் ஒளிந்திருந்து எட்டு மாதம் கழித்து வந்தது.

பருவத்தையும் மதியுங்கள். வனுவாட்டுவின் பெந்தெகொஸ்தே தீவில் கோபுரத்திலிருந்து கணுக்காலில் கொடி கட்டிக் குதிக்கும் சடங்கு கிழங்கு அறுவடையை ஒட்டி, ஏப்ரல் முதல் ஜூன் வரை நடப்பது. அப்போதுதான் கொடிக்கு இழுவைத் தன்மை இருக்கும். 1974இல் இங்கிலாந்து ராணியின் வருகைக்காகப் பருவம் தப்பி நடத்தியபோது கொடி அறுந்து ஒருவர் இறந்தார். டிசம்பரில் குதிக்க வைத்து எடுத்துத் தர முடியுமா என்று என்னிடமே ஒரு சேனலில் கேட்டார்கள்.

பெண்ணாக இருப்பது குறையா என்றும் கேட்கிறார்கள். ஆண்கள் இடம் எனக்கு மூடியிருந்தது, பெண்கள் இடம் முழுக்கத் திறந்திருந்தது. பெந்தெகொஸ்தேயில் தாழை ஓலைப் பாய்களுக்குச் சிவப்புச் சாயம் ஏற்றுவதை ஒரு படமாக எடுத்தேன். வாழைப் பட்டையில் கோலம் வெட்டி, பாயின் மேல் வைத்து, உருளைக் கட்டையில் இறுக்கிச் சுற்றிக் கட்டிச் சாயத்தில் வேகவைப்பார்கள். பிரித்ததும் பட்டை மறைத்த இடம் வெளுப்பாக, மற்றதெல்லாம் சிவப்பாகத் தெரியும். அந்தப் பாய்கள்தான் அங்கே செல்வம். கல்யாணத்திலும் சாவிலும் கணக்குத் தீர்வது அவற்றால்தான். வெளியிலிருந்து வந்த காமிராக்கள் பல காலம் பன்றியையே எடுத்துக்கொண்டிருந்தன, பக்கத்தில் அடுக்கியிருந்த பாய்களை விட்டுவிட்டன.

அந்தச் சிவப்பு டேப் கார்டு போர்ட் விலாவுக்கே போயிற்று. பண்பாட்டு மையத்தின் காப்பகத்தில் தபு ரூம் என்று ஒரு அறை இருக்கிறது. உரிமை உள்ளவர்கள் மட்டுமே பார்க்கவும் கேட்கவும் கூடியவற்றை அங்கே வைக்கிறார்கள். காமிராமேன் அங்கே பிரதி எடுத்துக் கொடுத்துவிட்டு, பூபூவின் தம்பி மகன் முன்னிலையில் கார்டை அழித்தார். என்னிடம் பிரதி கிடையாது.

பூபூ 2016இல் இறந்துபோனார். 2019இல் வேறு வேலையாக விலாவில் இருந்தபோது அவர் பேரன் தேடி வந்தார். 2011இல் நான் பார்த்தபோது பள்ளிக்கூடச் சட்டையில் இருந்த பையன். முந்தின மாதம்தான் பன்றிகள் கொடுத்து ரோம் உரிமையை வாங்கியிருந்தார். முகமூடியின் அடிப்பகுதியில் தாத்தா போடும் ஒரு முடிச்சு யாருக்கும் சரியாக நினைவில்லை, அதைப் பார்க்க வேண்டும் என்றார். காப்பகத்துக்கு மூன்று பேராகப் போனோம், அவர், அவர் மனைவி, நான். அவர் மட்டும் உள்ளே போனார். கதவு சாத்தப்பட்டது.

நாங்கள் இருவரும் வெளியே படியில் உட்கார்ந்தோம். அவள் கைக்குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு வேர்க்கடலை உரித்து எனக்கும் கொடுத்தாள். ஒன்றரை மணி நேரம் ஆயிற்று. நாற்பது நிமிடத்தை இரண்டு முறை பார்த்திருப்பார் போல. வெளியே வந்து, ஒன்றும் பேசாமல் எங்களுக்கு இரண்டு படி கீழே உட்கார்ந்தார். அவர் விரல்கள் முழங்கால் மேல் எதையோ சுற்றின, இழுத்தன, அவிழ்த்தன, மறுபடி சுற்றின. அவர் மனைவி குழந்தையின் பக்கம் திரும்பிக்கொண்டாள். நானும் முகத்தைத் திருப்பி ரோட்டைப் பார்த்தேன்.